பூட்டியிருக்கும் வீடு ஆளில்லாத வீடு அல்ல: செட்டிநாட்டுக்கு வருவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

காரைக்குடி, கானாடுகாத்தான், ஆத்தங்குடி, பள்ளத்தூர் என்று சுற்றிப் பார்க்க வருகிறவர்கள் செய்யும் தவறுகளில் பாதி, ஒரே எண்ணத்திலிருந்து வருகிறது. பூட்டிக் கிடக்கும் வீட்டை யாருக்கும் வேண்டாத வீடு என்று நினைத்துவிடுகிறார்கள். பர்மாவிலும் மலாயாவிலும் இலங்கையிலும் தொழில் செய்த முன்னோர் கட்டிய வீட்டுக்கு இன்று எத்தனையோ பங்காளிகள் இருப்பார்கள். ஒருவர் சென்னையில், ஒருவர் சிங்கப்பூரில். கல்யாணம், சாந்தி (அறுபதாம் கல்யாணம் போன்றவை), முன்னோருக்கான படைப்பு என்றால் அத்தனை பேரும் இங்கேதான் வந்து கூடுவார்கள். வளவு என்னும் உள்முற்றத்தைச் சுற்றி வரிசையாக இருக்கும் அறைகள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு குடும்பத்துக்கு உரியவை. பூட்டும் தனி, சாவியும் தனி.

அதனால் காவலுக்கு இருப்பவரிடம், "அண்ணே, அந்த ஒரு அறையை மட்டும் திறந்து காட்டுங்க" என்று கையில் பணத்தைத் திணிக்காதீர்கள். அந்த அறை அவர் திறக்கக்கூடியது இல்லை. திறந்தது ஒரு பங்காளிக்குத் தெரிந்தால் போதும், அவர் வேலை போய்விடும். நீங்கள் அன்றைக்கே ஊருக்குக் கிளம்பிவிடுவீர்கள், அவர் அங்கேயே இருக்க வேண்டியவர். கட்டணம் வாங்கிக்கொண்டு காட்டும் வீடுகள் இருக்கின்றன. அங்கே எதுவரை போகலாம் என்று கேட்டுவிட்டு, அதுவரை மட்டும் போங்கள். மற்ற வீடுகளில் திண்ணையோடு நிற்பதுதான் முறை. உள்ளே படைப்பு நடக்கிறது என்று தெரிந்தால் எட்டிக்கூடப் பார்க்க வேண்டாம். அது முன்னோரை வணங்கும் குடும்பச் சடங்கு, வேடிக்கைக்கு அல்ல.

அடுத்தது ட்ரோன். இந்த வீடுகளின் நடுவே வானம் பார்த்த முற்றம் இருக்கிறது. வத்தல் காய்வதும், பெண்கள் தலை உலர்த்துவதும், வயதானவர்கள் காற்றாட உட்காருவதும் அங்கேதான். தெருவிலிருந்து யாரும் பார்க்க முடியாதபடி கட்டிய இடத்தை மேலிருந்து படம் பிடிப்பது, சுவர் ஏறி எட்டிப் பார்ப்பதுதான். ஓட்டுக்கூரையின் அழகு வேண்டுமென்றால், தங்கும் விடுதியின் மொட்டைமாடியிலிருந்து விடுதிக்காரர் அனுமதியோடு எடுங்கள். ஆச்சிகளை, அதாவது இந்த வீட்டுப் பெண்களை, படம் எடுக்கும் முன்பும் கேளுங்கள். "வாங்க, வாங்க" என்று அவர்கள் கூப்பிடுவது உபசாரம்; கேமராவுக்குச் சம்மதம் சொன்னதாக ஆகாது.

இந்த வீடுகளின் தரையில் பதித்திருக்கும் ஆத்தங்குடிக் கல் சூளையில் சுட்டது அல்ல. கண்ணாடிப் பலகை மேல் வண்ணச் சிமென்ட் ஊற்றிக் கையால் செய்து, தண்ணீரில் ஊறவைத்து எடுப்பது. நடக்க நடக்க மெருகேறும், ஆனால் கேமரா முக்காலியின் இரும்புக் காலும் பெட்டிச் சக்கரமும் கீறிவிடும். ஈரமானால் நன்றாக வழுக்கும், குழந்தைகளை ஓட விடாதீர்கள். சுண்ணாம்பும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்துப் பூசிய சுவரில் எண்ணெய்த் தலையைச் சாய்ப்பதும், படப்பிடிப்புக்காக டேப் ஒட்டுவதும் வேண்டாம். அந்தப் பூச்சைத் திரும்பச் செய்யத் தெரிந்த கொத்தனார்கள் இப்போது குறைவு. பராமரிப்பு இல்லாத வீட்டின் மாடிக்கு மட்டும் எக்காரணம் கொண்டும் ஏற வேண்டாம். மழைநீர் இறங்கி மர உத்திரம் உள்ளே உளுத்திருப்பது வெளியே தெரியாது. புதர் மண்டிய பின்கட்டில் பாம்பும் இருக்கும்.

வீட்டுக்குள் நின்றுகொண்டு, "இந்தத் தூக்குச்சட்டி என்ன விலை?" என்று கேட்பது மனசைப் புண்படுத்தும். அது யாரோ ஒரு பெண்ணுக்குச் சீராக வந்த சாமானாக இருக்கும். பழைய பொருள் வாங்க வேண்டுமென்றால் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் கடைகள் இருக்கின்றன. வெளிநாட்டிலிருந்து வருகிறவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: 100 ஆண்டுக்கு மேற்பட்ட கலைப்பொருளைத் தனியார் வெளிநாட்டுக்கு எடுத்துச் செல்வதை 1972-ஆம் ஆண்டின் சட்டம் தடுக்கிறது.

ஊருணி என்றதும் குளிக்க இறங்கிவிடாதீர்கள். பல ஊர்களில் குடிதண்ணீருக்கு என்று தனி ஊருணி உண்டு, அதில் கால் நனைப்பதே தப்பு. செம்பாறாங்கல் படி பாசி பிடித்திருக்கும், ஆழமும் தெரியாது. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு கதவைத் தட்டுவதையும் தவிர்க்கலாம். வெயில் நேரத்தில் ஊரே படுத்திருக்கும்.

பொங்கலை ஒட்டி வருகிறீர்களா? சிராவயல் மஞ்சுவிரட்டு பெயர் பெற்றது. ஆனால் வாடிவாசலுக்கு வெளியே, வயல்வெளியிலும் பொட்டலிலும்கூட மாடுகளை அவிழ்த்து விடுவார்கள். வேடிக்கை பார்க்க வந்தவர்களே முட்டுப்பட்டு இறந்திருக்கிறார்கள். வேலிக்குப் பின்னால் இடம் கிடைத்தால் பாருங்கள், கிடைக்காவிட்டால் திரும்பிவிடுங்கள். செல்பி எடுக்க மாட்டுக்கு முதுகைக் காட்டி நிற்கவே கூடாது.

அப்புறம், திருப்பத்தூர் பக்கம் வேட்டங்குடி பறவைகள் சரணாலயத்துக்குப் போனால் காரில் பாட்டை நிறுத்திவிடுங்கள், ஹாரனும் வேண்டாம். பறவைகள் மிரளக் கூடாது என்று அங்குள்ள கொள்ளுக்குடிப்பட்டி ஊர்க்காரர்கள் தீபாவளிக்குக்கூடப் பட்டாசு வெடிப்பதில்லை.