திறந்து கிடந்த சாக்கடைக்கு இழப்பீடு: என் அனுபவம்

எங்கள் தெருச் சாக்கடையின் உடைந்த மூடியை நகராட்சி மாற்றாமல் விட்டதால், மழைநீர் தேங்கிய ஓர் இரவில் அம்மா அதில் விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. அந்தப் பதற்றத்திலும், துருப்பிடித்த கம்பி நீட்டிக்கொண்டிருந்த குழியைத் தம்பி படமெடுத்து வைத்தான். மறுநாளே புதிய மூடி போடப்பட்டுவிட்டதால், வழக்கைக் காப்பாற்றியது அந்தப் படம்தான்.

மூடியைப் பற்றி முன்பே நான் கொடுத்திருந்த மனுவின் ஒப்புகைச் சீட்டையும், தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் பெற்ற பராமரிப்புப் பதிவேட்டின் நகலையும் இணைத்து, வழக்கறிஞர் மூலம் ஆணையருக்கு அறிவிப்பு அனுப்பி, இரண்டு மாதம் காத்திருந்த பின்னரே உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தோம். அம்மா பார்த்து நடக்கவில்லை என்று அவர்கள் வாதிட்டது எனக்கு மிகவும் வலித்தது. டெல்லி சாந்தினி சௌக் மணிக்கூண்டு இடிந்து பலர் இறந்த வழக்கில், மாநகராட்சியே பொறுப்பு என்று 1966இல் உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பை எங்கள் வழக்கறிஞர் எடுத்துக்காட்டினார். மருத்துவச் செலவு வட்டியுடன் கிடைத்தது.