டவுன் பஸ் ஜன்னலிலிருந்து ஒரு குறும்படம்

கோவை சிங்காநல்லூரில் ஏறி உக்கடத்தில் இறங்கும் ஒரு டவுன் பஸ் பயணத்தை வைத்தே ஐந்து நிமிடப் படம் எடுக்கலாம். நடிகர்கள் வேண்டாம். ஒரு செல்போனும், அந்த பஸ் போகும் திருச்சி ரோட்டைப் பழைய நாளில் பார்த்த ஒருவரும் போதும்.

கேமராவைத் தொடும் முன்பே அவருடைய குரலைப் பதிவு செய்துவிடுங்கள். என் அப்பிச்சி (அம்மாவின் அப்பா) மில்லில் வேலை பார்த்தவர். "மில்லு எப்படி இருந்துச்சுங்க?" என்று கேட்டேன், இரண்டு வரியில் முடித்துவிட்டார். "காலையில எத்தனை மணிக்கு எந்திரிப்பீங்க?" என்றதும் மில் சங்கில் (சைரன்) தொடங்கி அரை மணி நேரம் பேசினார். "மொத சங்குக்கு எந்திரிச்சு, ரெண்டாஞ் சங்குக்கு சைக்கிள எடுத்தரோணும் கண்ணு. உங்க அம்மிச்சிக்குக் கடிகாரமே தேவையில்ல." அதனால் பெரிய கேள்வி வேண்டாம். சாப்பாடு, சைக்கிள், சம்பள நாள் பற்றிக் கேளுங்கள். மின்விசிறியை நிறுத்திவிட்டு, போனை ஒரு முழத்துக்குள் வையுங்கள். பேசி முடித்ததும் ஒரு நிமிடம் அறையின் அமைதியையும் பதிவு செய்யுங்கள். பேச்சை வெட்டும் இடங்களில் அதுதான் ஒட்டுப்போடும்.

அடுத்தது பயணம். காலை ஏழு மணி பஸ் நல்லது. மேற்கே போகும்போது வெயில் பின்னாலிருந்து விழும். ஏரோப்பிளேன் மோடு போட்டு, திரையை அழுத்திப் பிடித்து ஃபோகஸையும் வெளிச்சத்தையும் பூட்டிவிடுங்கள். போனை ஜன்னல் கம்பியில் சாய்த்தால் எஞ்சின் அதிர்வு முழுதும் படத்தில் வரும். முழங்கையை உடம்போடு ஒட்டிப் பிடியுங்கள். ஒவ்வொரு ஷாட்டும் குறைந்தது 20 விநாடி. ஆரம்பத்தில் எல்லோருக்கும் கை பரபரக்கும், பொறுங்கள். டியூப் லைட் உள்ள கடைகளை எடுக்கும்போது விநாடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50 விநாடி வைத்தால் வெளிச்சம் துடிக்காது. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்.

சரி, எடிட்டிங். முதலில் குரலை மட்டும் அடுக்குங்கள், படம் பிறகு. இங்கேதான் பலர் அவசரப்படுகிறார்கள்: அப்பிச்சி "சங்கு" என்றால் மில் கேட்டைக் காட்டிவிடுகிறார்கள். நான் அந்த இடத்தில் இன்றைய அடுக்குமாடி வீட்டின் பால்கனியில் காயும் துணிகளை வைத்தேன். இல்லாத மில்லைப் பார்ப்பவர் மனசே கட்டிக்கொள்ளும். சோகமான பின்னணி இசை சேர்க்காதீர்கள், பஸ் சத்தமும் கண்டக்டர் விசிலும் இருக்கட்டும்.

உக்கடத்தில் எல்லோரும் இறங்கிய பிறகும் கேமராவை நிறுத்தாதீர்கள். எஞ்சின் அணைந்து, காலி சீட்டில் வெயில் விழும் அந்த அரை நிமிடத்தையும் எடுங்கள்.