ஸ்னாப்காஸ்ட்: எல்லா அறைகளிலும் ஒரே நொடியில் ஒரே பாடல்

மூன்று அறைகளில் மூன்று ஸ்பீக்கர்களை வைத்து ஒரே பாடலை வலைப்பின்னல் வழியாக அனுப்பினால், தொடக்கத்தில் ஒன்றாக ஒலிப்பவை சிறிது நேரத்தில் பிரிந்து எதிரொலிக்கத் தொடங்கும். ஒவ்வொரு கருவியின் படிகக் கடிகாரமும் தனக்கென ஒரு வேகத்தில் ஓடுவதே இதற்குக் காரணம். இரண்டு கடிகாரங்களுக்கு இடையே பத்து லட்சத்தில் 20 பங்கு வேறுபாடு இருந்தாலே ஒரு மணி நேரத்தில் ஒலி 72 மில்லிநொடி விலகிவிடும். ஸ்னாப்காஸ்ட் என்ற கட்டற்ற மென்பொருள் இந்த விலகலை இடைவிடாமல் கவனித்து, 48,000 ஹெர்ட்ஸ் ஒலியில் ஒரு மாதிரியை (ஒலியைக் குறிக்கும் தொடர் எண்களில் ஒன்றை) கூட்டியோ குறைத்தோ சரிசெய்துகொண்டே இருக்கிறது. ஒரு மாதிரியின் நீளம் சுமார் 0.02 மில்லிநொடிதான் என்பதால் காதுக்கு எதுவும் தெரிவதில்லை.

ராஸ்பெரி பையில் லினக்ஸ் ஏற்றுவதும், முனையத்தில் கட்டளை கொடுப்பதும் உங்களுக்குத் தெரியும் என்றே எடுத்துக்கொள்கிறேன்.

முதலில், எப்போதும் இயங்கிக்கொண்டிருக்கும் ஒரு கணினியில் ஒலியை அனுப்பும் ஸ்னாப்சர்வரையும், ஸ்பீக்கர் இணைந்துள்ள ஒவ்வொரு கருவியிலும் அதை வாங்கி ஒலிக்கும் ஸ்னாப்கிளையன்டையும் நிறுவுங்கள். ஃபயர்வால் இருந்தால் 1704, 1705, 1780 ஆகிய போர்ட்களைத் திறந்துவிடுங்கள். முதலாவது ஒலிக்கும், மற்ற இரண்டும் கட்டுப்பாட்டுக்கும் உரியவை. சர்வரைக் கிளையன்ட் தானாகவே கண்டுபிடித்துக்கொள்ளும் என்றாலும், ரூட்டரில் சர்வருக்கு நிலையான ஐபி முகவரி ஒதுக்கி, அதைக் கிளையன்டில் எழுதிவைப்பதையே நான் விரும்புகிறேன். சர்வரையாவது கேபிளில் இணைத்துவிடுங்கள்.

அடுத்து, பாடலைச் சர்வருக்குள் கொண்டுவர வேண்டும். சர்வர் ஒரு பைப் கோப்பிலிருந்து, அதாவது ஒரு நிரல் எழுதுவதை இன்னொரு நிரல் உடனே படிக்க உதவும் சிறப்புக் கோப்பிலிருந்து, ஒலியைப் படிக்கிறது. எம்பிடி போன்ற இசை நிரலை அந்தப் பைப்பில் எழுதச் சொன்னால் போதும். எழுதும் நிரலின் ஒலி வடிவமும் சர்வரின் வடிவமும் (இயல்பாக 48,000 ஹெர்ட்ஸ், 16 பிட், 2 சேனல்) அச்சாக ஒன்றாக இருக்க வேண்டும். பைப்பில் செல்வது வெறும் எண்களே. அவற்றின் வேகத்தைச் சொல்லும் குறிப்பு அதில் இருக்காது. 44,100 ஹெர்ட்ஸில் எழுதினால் பாடகரின் குரல் கீச்சென்று உயர்ந்து, பாடலும் ஏறத்தாழ 9 விழுக்காடு வேகமாக ஓடும். ஒலியைச் சுருக்கி அனுப்பும் முறையான கோடெக்கைப் பொறுத்தவரை, தரம் குறையாமல் சுருக்கும் இயல்பான ஃப்ளாக்கையே விட்டுவிடுங்கள். வீட்டு வலைப்பின்னலுக்கு அது சுமையே அல்ல.

இனி, பெரும்பாலானவர்கள் சிக்கிக்கொள்ளும் இடத்துக்கு வருவோம். எல்லாம் இயங்கத் தொடங்கிய பிறகும் ஒரு ஸ்பீக்கர் மட்டும் மாறாத அளவில் பின்தங்கி ஒலிக்கலாம். உடனே சர்வரின் பஃபரை மாற்றத் தோன்றும், அது பயன்தராது. பஃபர் என்பது ஒலித்துண்டு சர்வரில் உருவான கணத்துக்கும் எல்லா அறைகளிலும் ஒலிக்க வேண்டிய கணத்துக்கும் இடையே உள்ள பொதுவான இடைவெளி. இயல்பாக அது 1,000 மில்லிநொடி. அதை மாற்றினால் எல்லா அறைகளும் சேர்ந்தே நகருமே தவிர, அவற்றுக்கு இடையிலான வேறுபாடு அப்படியே இருக்கும். கிளையன்ட் ஒலியைச் சரியான நேரத்தில் கையளித்த பிறகு தொலைக்காட்சியோ, ஆம்ப்ளிஃபயரோ, புளூடூத் ஸ்பீக்கரோ தனக்குள் எடுத்துக்கொள்ளும் நேரம் ஸ்னாப்காஸ்டுக்குத் தெரியாது. அந்தக் கிளையன்டுக்கு உரிய தாமத மதிப்பாக அதை நாம்தான் சொல்ல வேண்டும்.

இதைப் பாடலைக் கொண்டு அளக்க முயலாதீர்கள். இழைந்து வரும் இசையில் 20 மில்லிநொடி வேறுபாடு கூடக் காதுக்குப் பிடிபடாமல் போகலாம்; கூர்மையான டிக் ஒலியில் சில மில்லிநொடிகளே இரட்டைத் தட்டலாகக் கேட்டுவிடும். ஆகவே நொடிக்கு ஒருமுறை டிக் என்று அடிக்கும் மெட்ரோனோம் பதிவை ஓடவிட்டு, இரண்டு ஸ்பீக்கர்களுக்கும் சம தொலைவில் நில்லுங்கள். ஒலி ஒரு மில்லிநொடியில் 34 சென்டிமீட்டர் செல்வதால், நிற்கும் இடம் ஒரு மீட்டர் பிசகினாலும் அளவு கெட்டுவிடும். பின்தங்கும் கிளையன்டுக்கு 50 என்று கொடுத்துப் பாருங்கள். அது அந்த அளவுக்கு முந்தி ஒலிக்கும். இரண்டு தட்டல்கள் நெருங்கினால் பத்துப் பத்தாகவும், பிறகு இரண்டிரண்டாகவும் கூட்டிக்கொண்டே செல்லுங்கள். தட்டல்கள் ஒன்றில் ஒன்று அடங்கி, ஒலி இரு ஸ்பீக்கர்களுக்கும் நடுவிலிருந்து வருவதுபோல் தோன்றும் எண்ணே நமக்கு வேண்டியது. அந்த எண் பஃபரைவிடச் சிறியதாக இருக்க வேண்டும். புளூடூத் ஸ்பீக்கரில் இணைப்பு அறுந்து சேரும்போது இந்தத் தாமதம் மாறக்கூடும் என்பதால், அதை இந்த அமைப்பில் சேர்க்காமல் இருப்பதே நிம்மதி. மலிவான யூஎஸ்பி ஒலி அட்டை எவ்வளவோ மேல்.

பின்சேர்க்கை: படிகளைப் பின்பற்றியும் ஒலியே வரவில்லை என்று சிலர் எழுதியிருந்தார்கள். பைப் கோப்பு டெம்ப் (/tmp) என்ற தற்காலிகக் கோப்புறையில் இருப்பதே காரணமாக இருக்கலாம். லினக்ஸ் கர்னல் 4.19 முதல், எல்லோரும் எழுதக்கூடிய இத்தகைய கோப்புறைகளில் பிறர் உருவாக்கிய பைப்பைத் திறப்பதற்குக் கட்டுப்பாடு விதிக்க முடியும். பைப்பை வேறொரு கோப்புறைக்கு மாற்றி, சர்வருக்கும் எம்பிடிக்கும் உரிய அனுமதிகளைக் கொடுத்தால் சரியாகிவிடும். வைஃபையில் இயங்கும் ராஸ்பெரி பையில் அவ்வப்போது ஒலி விட்டுவிட்டு வந்தால், முதலில் அதன் வைஃபை மின்சேமிப்பை அணைத்துப் பாருங்கள். அதற்குப் பிறகும் தொடர்ந்தால் மட்டுமே பஃபரைக் கூட்டுங்கள்.