நீரில் ஏடு காப்போர்: மிகுபுனைவில் ஒரு மரபை உருவாக்கும் முறை

கல்மேல் எழுத்து நிலைக்கும், நீர்மேல் எழுத்து அழியும் என்று பேசிப் பழகிய மொழி நம்முடையது. ஆகவே, அறிவை நீரில் சேமித்து வைக்கும் காப்பாளர் மரபு ஒன்றைத் தமிழில் மிகுபுனைவாக எழுத முனைபவர், வாசகர் மனத்தில் ஊறிப்போன ஒரு வழக்கை எதிர்த்தே தொடங்க வேண்டியிருக்கிறது. இதை இடையூறாக நினைக்க வேண்டாம். கதையின் விசை அந்த எதிர்ப்பிலிருந்துதான் கிடைக்கும்.

பலரும் நீர் எவ்வாறு நினைவில் கொள்ளும் என்பதை முதலில் வகுக்கிறார்கள். அது எவ்வாறு மறக்கும் என்பதிலிருந்து தொடங்குங்கள் என்பேன். திரவ நீரில் மூலக்கூறுகளை இணைக்கும் ஹைட்ரஜன் பிணைப்புகள், ஒரு நொடியை இலட்சம் கோடியாகப் பகுத்தால் வரும் சில பங்குக் காலத்துக்குள் அறுந்து வேறிடத்தில் பிணைந்துகொள்வதால், நம் உலகின் நீருக்கு நினைவு தங்குவதில்லை. உங்கள் உலகில் அந்த ஒரு விதியை மட்டும் மாற்றுங்கள். ஆவியாதல், கலத்தல், கசிதல், உறைதல் ஆகியவற்றை உள்ளபடியே விட்டுவிடுங்கள். அப்போது கோடைக்காலம் ஓர் எதிரியாகும். விரிசல் கண்ட குடம் ஒரு பேரிழப்பாகும். இரண்டு ஊர்களின் வரலாறு ஒரே தொட்டியில் கலந்துவிட்டால் எது எவருடையது என்று பிரிக்க முடியாத வழக்கொன்று எழும். உறைபனியோ காப்பாளர்களுக்கு வரமாகும். அண்டார்க்டிகாவின் டோம் சி பகுதியில் 3,200 மீட்டருக்கும் கூடுதலான ஆழம் வரை துளைத்தெடுத்த பனித்தூண், ஏறத்தாழ 8,00,000 ஆண்டுகளின் தட்பவெப்பத்தையும் அக்காலக் காற்றையும் அடுக்கடுக்காக வைத்திருக்கிறது. ஆக, உறைந்த நீர் ஆவணமாவது நம் உலகிலேயே உண்மை.

அடுத்து, அன்றாட வேலையை எழுதுங்கள். மந்திரம் சொல்வதைக் காட்டிலும் வேலை செய்வதே ஒரு மரபை நம்ப வைக்கும். எடுத்துக்காட்டாக, விடியுமுன் எழுந்த இளங்காப்பாளர் ஒருத்தி குடத்தின் வாய்க்கட்டை அவிழ்க்கிறாள். துணியின் உட்புறம் வியர்த்திருக்கிறது. அந்தத் துளிகளும் யாரோ சொன்ன சொற்கள் என்பதால், துணியைக் குடத்துக்குள்ளேயே பிழிகிறாள். பிழிந்த பின்னும் விரலிடுக்கில் ஒரு துளி நிற்க, அதை உதறவோ துடைக்கவோ துணியாமல் கையைக் கவிழ்த்தபடி காத்திருக்கிறாள். இந்த ஒரு காட்சி இருந்தால், நீர் நினைவுடையது என்பதை விளக்க நீங்கள் தனியாக ஒரு பத்தி எழுத வேண்டியதில்லை.

படிக்கும் முறைக்கும் விலை இருக்க வேண்டும். பருகினால்தான் படிக்க முடியும் என்று வைத்தால், ஒவ்வொரு வாசிப்பும் மூலத்தைக் குறைக்கும். எனவே யாருக்குப் படிக்கும் உரிமை என்பது அரசியலாகிவிடும். நீர்மட்டத்தைக் கொண்டு படிப்பதாகவும் அமைக்கலாம். கெய்ரோவின் ரோடா தீவில் 861ஆம் ஆண்டு கட்டப்பட்ட, நைலின் நீர்மட்டத்தை அளக்கும் நீல்மானியின் அளவுத்தூணில் நைல் நதி எந்த முழம் வரை ஏறியது என்று பார்த்தே விளைச்சலைக் கணித்து வரி விதித்தார்கள். செக் நாட்டின் தெச்சீனில், எல்பே ஆற்றுப் படுகையில் உள்ள பசிக்கல் இதற்கு நேர்மாறானது. ஆறு வற்றினால்தான் அது வெளியே தெரியும். 1616 முதலான வறட்சி ஆண்டுகள் பொறித்த அந்தக் கல்லில், 'என்னைக் கண்டால் அழு' என்ற பொருளில் ஜெர்மன் வரி ஒன்று இருக்கிறது. பஞ்சம் வந்தால் மட்டுமே படிக்கக் கிடைக்கும் ஆவணம் என்பது எவ்வளவு கொடிய, எவ்வளவு அழகிய விதி!

மரபின் நிர்வாகத்துக்கு இறக்குமதிச் சரக்கு தேவையில்லை. உத்திரமேரூரின் பராந்தகச் சோழன் காலக் கல்வெட்டுகளில் ஏரி வாரியம் இருக்கிறது. வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர் மட்டுமல்லாமல் அவருடைய உறவினரும் மறுபடி குடவோலையில் பெயர் எழுதப்படத் தகுதியற்றவர் என்ற விதியும் இருக்கிறது. அதை உங்கள் காப்பாளர்கள்மீது அப்படியே பொருத்திப் பாருங்கள். பதவிப் பெயர்களுக்கும் மடையர், நீர்க்கட்டி, கம்புகட்டி போன்ற பாசனச் சொற்களே போதும். ஏரி நீரைத் திறந்துவிடும் குமிழி, மதகு, மிகைநீர் வழியும் கலிங்கு ஆகியவை ஆவண அறைகளின் பெயர்களாகக் கச்சிதமாகப் பொருந்தும்.

இனி, இவர்கள் யாருக்காகக் காக்கிறார்கள் என்பதைத் தீர்மானிக்க வேண்டும். இந்த இடத்தில் எனக்கு மனம் பதைக்கிறது. பழைய ஓலைச்சுவடிகளை ஆடிப்பெருக்கன்று ஆற்றோடு விட்ட வழக்கத்தால், பெயர்கூடத் தெரியாமல் எத்தனை நூல்களை இழந்தோமோ! வைகையில் இட்ட ஏடு எதிர்நீச்சலிட்டுத் திருவேடகத்தில் கரையேறியதாகவும், மணிமுத்தாற்றில் இட்ட பொன்னைச் சுந்தரர் திருவாரூர்க் குளத்தில் எடுத்ததாகவும் நம் புராணம் சொல்கிறது. ஆற்றில் விட்டதைக் குளத்தில் எடுக்கத் தெரிந்தவர்களாக உங்கள் காப்பாளர்களைப் படைத்தால், அவர்களுக்கு ஒரு வேலையும் ஒரு துயரமும் சேர்ந்தே கிடைத்துவிடும்.

முதல் அத்தியாயத்தை ஆடி மாதத்துக் கரையில் தொடங்குங்கள். மேலே ஒருவர் கட்டவிழ்ந்த ஏடுகளை வெள்ளத்தில் விடட்டும். இரண்டு காத தூரம் கீழே, முழங்கால் நீரில் குடத்தோடு ஒருத்தி நிற்கட்டும்.