மொழியை மாற்றும் முன் திரும்பி வரும் வழியைப் பார்த்து வையுங்கள்

சித்தியின் கைபேசி மூன்று வருடமாக ஆங்கிலத்திலேயே இருந்தது. முதல் நாள் எப்படி வைத்துக் கொடுத்தார்களோ அப்படியே. திரையில் புதிதாக ஒரு பெட்டி வந்து நின்றால், சித்தப்பாவின் கைபேசியால் அதைப் படம் பிடித்து எனக்கு அனுப்புவார். "இது என்னமோ கேக்குதும்மா, எதை அழுத்தட்டும்?" நான் வேலையில் இருப்பேன், பதில் சொல்ல ஒரு மணி நேரம் ஆகும். அதற்குள் பொறுமை போய், பெருவிரலுக்கு எது பக்கத்தில் இருக்கிறதோ அதை அழுத்திவிடுவார். ஒருநாள் அந்தக் கைபேசியை வாங்கி, எந்த ஆப்புக்கு என்னென்ன அனுமதி போயிருக்கிறது என்று பார்த்தேன். ஒரு டார்ச் ஆப்புக்குத் தொடர்பு எண்கள், மைக், இருப்பிடம் மூன்றும் திறந்து கிடந்தன. சித்தி கவனமில்லாதவர் கிடையாது. எந்தக் காகிதத்தையும் இரண்டு தடவை படித்துவிட்டுத்தான் கையெழுத்துப் போடுவார். இங்கே கேட்ட கேள்வியே அவருக்குப் புரியாத மொழியில் இருந்தது. அன்றைக்கே உட்கார்ந்து தமிழுக்கு மாற்றினோம்.

அதன்பிறகு சொந்தத்திலும் பழக்கத்திலும் பதினைந்து இருபது பேருக்காவது மாற்றிக் கொடுத்திருப்பேன். மாற்றுவது இரண்டு நிமிட வேலை. அதற்கு முன்னும் பின்னும் உள்ள சில காரியங்களை விட்டுவிட்டால்தான், "எனக்கு இது வேண்டாம், பழையபடியே வை" என்று சொல்லிவிடுகிறார்கள். அதனால் அவற்றையும் சேர்த்தே எழுதுகிறேன்.

எதையும் தொடுவதற்கு முன், இப்போது உங்களுக்குப் படிக்கத் தெரிந்த மொழியில் திரை இருக்கும்போதே, மொழிப் பக்கத்துக்குப் போகும் வழியைப் படமாக மனதில் வாங்கிக்கொள்ளுங்கள். சொற்களை நம்ப வேண்டாம், அவை மாறப்போகின்றன. மாறாதவை மூன்று: ஐகானின் உருவம், மேலிருந்து கீழாக அது எத்தனையாவது வரி என்பது, மொழிப் பட்டியலில் ஒவ்வொரு மொழியின் பெயரும் அதனதன் எழுத்திலேயே இருப்பது. திரை எந்த மொழியில் இருந்தாலும், சேர்த்து வைத்த மொழிகளில் 'தமிழ்' என்பது 'தமிழ்' என்றே எழுதியிருக்கும். ஒரு துண்டுக் காகிதத்தில், "பல்சக்கரம், கடைசி வரை கீழே, இந்த ஐகான், முதல் வரி" என்று குறித்துக் கைபேசி உறைக்குள் வைத்துவிடுங்கள். பல்சக்கரம் என்றது செட்டிங்ஸின் ஐகானை. முடிந்தால் ஒவ்வொரு பக்கத்தையும் ஸ்கிரீன்ஷாட் எடுத்து உங்கள் கைபேசிக்கு அனுப்பிக்கொள்ளுங்கள். இது எவ்வளவு உதவும் என்பதைப் பின்னால் சொல்கிறேன்.

சரி, ஆண்ட்ராய்டு. தமிழ் அதன் சொந்த மெனு மொழியாக வந்தது 2014-இல் வெளியான 5.0 பதிப்பில். ஆகவே இன்று கையில் இருக்கும் எந்தக் கருவியிலும் அநேகமாக இருக்கும். செட்டிங்ஸைத் திறந்து கடைசி வரை கீழே போனால் 'சிஸ்டம்' என்று ஒரு வரி. அதற்குள் 'மொழிகள்'. சாம்சங்கில் 'சிஸ்டம்' இருக்காது, 'ஜெனரல் மேனேஜ்மென்ட்' என்ற பெயரில் இருக்கும். அதைத் திறந்தால் மொழி மேலேயே தெரியும். ஷாவ்மியில் 'அடிஷனல் செட்டிங்ஸ்' என்பதற்குள் தேட வேண்டும். தேட அலுப்பாக இருந்தால் செட்டிங்ஸின் தலையில் இருக்கும் தேடல் கட்டத்தில் 'லாங்குவேஜ்' என்று ஆங்கிலத்தில் அடித்தால் நேராக அங்கே கொண்டுபோய் விடும்.

உள்ளே போனால் 'மொழியைச் சேர்' என்று கூட்டல் குறியோடு ஒரு வரி இருக்கும். அதை அழுத்தித் தமிழைத் தேர்ந்தெடுத்தால், எந்தத் தமிழ் என்று கேட்கும்: இந்தியா, இலங்கை, சிங்கப்பூர், மலேசியா. சொற்களில் பெரிய வித்தியாசம் இருக்காது. எண்ணும் நேரமும்தான் மாறும். இந்தியா, இலங்கை என்று வைத்தால் பத்து லட்சம் 10,00,000 என்று வரும். சிங்கப்பூர், மலேசியா என்றால் 1,000,000. இலங்கை என்று வைத்தவர்களுக்கு மாலை ஐந்து மணி 17:00 என்று தெரியக்கூடும். பெரியவர்கள் சிலர் அதைப் பார்த்துத் திகைத்துப் போவார்கள். அவர்கள் எந்தக் கணக்கில் எண்ணிப் பழகியவர்களோ அதையே தேர்ந்தெடுங்கள்.

சேர்த்ததும் தமிழ் பட்டியலில் இரண்டாவதாக வந்து நிற்கும். பலர் இங்கேயே நிறுத்திவிட்டு, "ஒன்றும் மாறவில்லையே" என்பார்கள். அதன் வலப்பக்கத்தில் இருக்கும் சிறிய கோடுகளை விரலால் பிடித்து இழுத்து, ஒன்றாவது இடத்தில் விட வேண்டும். விட்டவுடன் திரை ஒரு கணம் கண் சிமிட்டுவது போல் மங்கித் தமிழில் வந்து நிற்கும். சாம்சங்கில், சேர்க்கும்போதே இதை இயல்பு மொழியாக வைக்கட்டுமா என்று ஒரு கேள்வி வரும், ஆம் என்றால் போதும்.

இப்போது ஒரு காரியத்தைச் செய்யவே செய்யாதீர்கள். தமிழ் வந்துவிட்டதே என்று ஆங்கிலத்தைப் பட்டியலிலிருந்து நீக்கிவிடாதீர்கள். 2016-இல் வந்த ஆண்ட்ராய்டு 7.0 முதல் இந்தப் பட்டியல் ஒரு வரிசைமுறை. ஓர் ஆப்பில் தமிழ் இல்லையென்றால் அது இரண்டாவது மொழியைப் பார்க்கும், அதுவும் இல்லையென்றால் மூன்றாவதை. ஒருவருக்குப் பாதி ஆப்கள் அவருக்குச் சுத்தமாகத் தெரியாத ஒரு மொழியில் திறந்துகொண்டிருந்தன. பார்த்தால், எப்போதோ யாரோ சேர்த்த மொழி இரண்டாவது இடத்தில் உட்கார்ந்திருந்தது. அதைக் கீழே தள்ளி ஆங்கிலத்தை மேலே இழுத்ததும் சரியாகிவிட்டது.

மாற்றும்போது கைபேசி வைஃபையில் இருக்கட்டும். பல ஆப்கள் இடத்தை மிச்சம் பிடிப்பதற்காக, நீங்கள் வைத்திருக்கும் மொழிக்கான எழுத்துகளை மட்டும் இறக்கி வைத்திருக்கும். மொழி மாறியதும் பிளே ஸ்டோர் தமிழ்ப் பகுதியைத் தனியாக இறக்கும். அதனால் மாற்றிய உடனே ஓர் ஆப் ஆங்கிலத்தில் திறந்தால் பதற வேண்டாம். கொஞ்ச நேரம் விட்டுத் திறந்து பாருங்கள்.

இனி, நான் முதல் தடவை கவனிக்காமல் விட்டது. சித்திக்கு மாற்றிக் கொடுத்த மறுநாள் காலையில் அழைப்பு: "எல்லாம் தொலைஞ்சு போச்சு." எதுவும் தொலையவில்லை. ஆப்களின் பெயரும் சேர்ந்து தமிழாகிவிட்டதால் அகரவரிசை மாறிவிட்டது. 'கிளாக்' என்று நடுவில் இருந்தது 'கடிகாரம்' ஆகி வேறு இடத்துக்குப் போயிருந்தது. 'செட்டிங்ஸ்' இப்போது 'அமைப்புகள்'. தமிழ்ப் பெயர் வந்தவை ஒரு பக்கமும், ஆங்கிலப் பெயரிலேயே நிற்பவை இன்னொரு பக்கமுமாகப் பிரிந்துவிட்டன. சித்தி இவ்வளவு நாளும் பெயரைப் படித்துத் திறக்கவில்லை. "மேலேருந்து மூணாவது வரி, ரெண்டாவது படம்" என்றுதான் விரல் பழகியிருந்தது. ஆனால் முகப்புத் திரையில் எடுத்து வைத்த ஐகான்கள் இடம் மாறுவதில்லை. ஆகவே மாற்றுவதற்கு முன், அவர் தினமும் தொடும் ஏழெட்டு ஆப்களை முகப்புக்குக் கொண்டுவந்து வைத்துவிடுங்கள். இந்த ஒன்றைச் செய்தால் மறுநாள் காலை அழைப்பு வராது.

எழுத்து அளவையும் பார்க்க வேண்டும். தமிழில் சொற்கள் நீளம். ஆங்கிலத்தில் பெரிய எழுத்து வைத்திருந்தவர்களுக்குத் தமிழில் பொத்தான்களின் வார்த்தை பாதியில் வெட்டுப்பட்டு மூன்று புள்ளியோடு நிற்கும். அனுமதி கேட்கும் பெட்டியில் 'அனுமதிக்...' என்று நின்றால், அது 'அனுமதிக்கவும்' ஆகவும் இருக்கலாம், 'அனுமதிக்காதே' ஆகவும் இருக்கலாம். என்னைப் பொறுத்தவரை இது சின்ன விஷயமே அல்ல. டிஸ்ப்ளே பக்கத்தில் எழுத்தை ஒரு படி குறைத்து, ஏதாவது ஒரு ஆப்பைத் திறந்து, பொத்தான்கள் முழுதாகத் தெரிகின்றனவா என்று அவரையே படித்துக் காட்டச் சொல்லுங்கள்.

விசைப்பலகை தனி. திரை தமிழாகிவிட்டால் தட்டச்சும் தமிழாகிவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். விசைப்பலகை ஆப்பின் அமைப்புகளில் தமிழைத் தனியே சேர்க்க வேண்டும். சேர்த்தபின் பூமி உருண்டைக் குறியையோ இடைவெளிப் பட்டையையோ அழுத்தி மொழி மாற்றிக்கொள்ளலாம். இதற்கு நேர்மாறாகவும் செய்யலாம்: திரையை ஆங்கிலத்திலேயே விட்டுவிட்டுத் தமிழில் தட்டச்சு செய்பவர்கள் நிறைய. இரண்டுக்கும் ஒட்டும் கிடையாது, உறவும் கிடையாது.

எல்லாமே தமிழில் வேண்டாம், ஒன்றிரண்டு ஆப் மட்டும் போதும் என்பவர்களுக்கும் வழி இருக்கிறது. 2022-இல் வந்த ஆண்ட்ராய்டு 13-இலிருந்து அதே மொழிப் பக்கத்தில் 'ஆப் மொழிகள்' என்று ஒரு வரி உண்டு. அதில் ஒவ்வோர் ஆப்புக்கும் தனித்தனி மொழி வைக்கலாம். பட்டியலில் ஓர் ஆப் இல்லையென்றால் அது இன்னும் அந்த வசதியைச் சேர்க்கவில்லை என்று அர்த்தம். வாட்ஸ்அப் போன்றவற்றில் அவற்றின் சொந்த அமைப்புகளுக்குள்ளேயே மொழி மாற்ற இடம் இருக்கும். கூகுளின் சில பக்கங்கள் கைபேசியைப் பார்க்காமல் கணக்கைப் பார்க்கும். கூகுள் கணக்கின் தனிப்பட்ட தகவல் பகுதியில் மொழியைத் தனியே மாற்றினால்தான் அவை மாறும்.

ஐஃபோனில் தமிழ் தாமதமாகத்தான் வந்தது. நெடுநாள் தமிழில் தட்டச்சு செய்ய முடிந்தது, மெனு மட்டும் தமிழில் வராது. 2025-இல் வந்த ஐஓஎஸ் 18.4-இல்தான் தமிழ் மெனு மொழியாகச் சேர்ந்தது. அதனால் முதலில் பதிப்பைப் பாருங்கள், பழையது என்றால் புதுப்பியுங்கள். அப்புறம் செட்டிங்ஸ், ஜெனரல், 'லாங்குவேஜ் அண்ட் ரீஜன்', 'ஆட் லாங்குவேஜ்'. தேர்ந்தெடுத்ததும் மாற்றட்டுமா என்று கேட்கும், சரி என்றால் சில விநாடி திரை இருண்டு திரும்பும். தனி ஆப்புக்கு மட்டும் மொழி மாற்ற, செட்டிங்ஸில் 'ஆப்ஸ்' என்பதற்குள் அந்த ஆப்பின் பெயரைத் திறந்தால் மொழி வரி இருக்கும். இது 2019-இன் ஐஓஎஸ் 13 முதல் உண்டு.

உறைக்குள் வைத்த துண்டுக் காகிதத்துக்கு வருகிறேன். தம்பி மகனுக்கு ஐந்து வயது. விளையாட்டாகச் சித்தியின் கைபேசியை எடுத்து அரபிக்கு மாற்றிவிட்டான். அரபி வலமிருந்து இடம் ஓடும் மொழி, ஆகவே திரையே கண்ணாடியில் பார்ப்பது போலத் திரும்பிவிடும். ஐகான்கள் வலப்பக்கம், எழுத்து அதற்கு இடப்பக்கம், பின்னால் போகும் அம்பு வலப்பக்கம் நோக்கும். படிக்க ஓர் எழுத்துகூட இல்லை. ஆனால் மேல் கீழ் வரிசை அப்படியே இருந்தது. பல்சக்கரம் பல்சக்கரமாகவே இருந்தது. காகிதத்தில் இருந்தபடி கடைசி வரை கீழே போய், ஐகானைப் பார்த்துத் திறந்து, முதல் வரியை அழுத்தினார் சித்தி. பட்டியலில் இரண்டாவதாகத் 'தமிழ்'. பிடித்து இழுக்கும் கோடுகள் இப்போது இடப்பக்கம் இருந்தன, அதைத்தான் சற்று நேரம் தேடினார். நான் அந்தப் பக்கம் தொலைபேசியில் காத்திருந்தேன். "வந்துட்டுதும்மா" என்றார்.

காகிதம் இல்லாமல் மாட்டிக்கொண்டால், அதே வகைக் கைபேசி ஒன்றைப் பக்கத்தில் வைத்து இரண்டிலும் படிப்படியாக ஒரே இடத்தை அழுத்திக்கொண்டே போங்கள். அதுவும் இல்லையென்றால் இன்னொரு கைபேசியில் கூகுள் டிரான்ஸ்லேட்டைத் திறந்து கேமராவை இந்தத் திரைமேல் காட்டினால், எழுத்துகளின்மேல் தமிழ் வந்து படியும். அவசரம் மட்டும் கூடாது. மொழி இருக்கும் அதே பக்கத்தின் அடிப்பகுதியில்தான் பெரும்பாலும் எல்லாவற்றையும் அழிக்கும் ரீசெட்டும் இருக்கிறது. புரியாத மொழியில் ஓர் உறுதிப் பெட்டி வந்தால் பின்னால் வந்துவிடுங்கள். மொழிப் பக்கத்தில் இழுத்து விடுவதற்கு மேல் பெரிதாக எதுவும் தேவைப்படாது. எல்லாவற்றையும் அழித்துப் புதிதாகத் தொடங்கினால் மொழி கேட்கும் என்று சிலர் சொல்வார்கள். கேட்கும்தான், ஆனால் படங்கள் போய்விடும், பழைய கணக்கின் கடவுச்சொல்லையும் கேட்டு நிற்கும்.

டிவியில் இதே கதைதான், இன்னும் சுருக்கம். கூகுள் டிவியில் பல்சக்கரம், சிஸ்டம், மொழி. மெனு மட்டுமே மாறும். படத்தின் ஒலியும் வசன வரிகளும் அந்தந்த ஆப்பில், பெரும்பாலும் கணக்கின் சுயவிவரத்தில் தனியே மாற்ற வேண்டியவை. கைக்கடிகாரங்கள் பெரும்பாலும் இணைந்திருக்கும் கைபேசியைப் பின்பற்றும், அதனால் கடிகாரத்தில் தேடிக் கண்ணைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம்.

கண் பார்வை மங்கியவர்களுக்குக் கடைசியாக ஒன்று செய்துகொடுங்கள். திரை தமிழானாலும் வாசித்துக் காட்டும் குரல் ஆங்கிலத்திலேயே நின்றிருக்கலாம். அணுகல்தன்மைப் பக்கத்துக்குள் உரையைப் பேச்சாக்கும் பகுதி இருக்கிறது, சாம்சங்கில் அது மொழிப் பக்கத்துக்கு அருகிலேயே. அதில் மொழியைத் தமிழ் என்று வைத்து, குரலை இறக்கி, வேகத்தைக் கொஞ்சம் குறையுங்கள். சித்தப்பாவுக்கு நான் பாதிக்கும் கீழே வைத்திருக்கிறேன். கீழே ஒரு 'இயக்கு' பொத்தான் உண்டு, அதை அவரையே அழுத்தச் சொல்லுங்கள். தமிழில் ஒரு வரி பேசிக் காட்டினால் வேலை முடிந்தது.