பிரிட்டிஷ் பிரபுக் குடும்ப வரலாற்றைக் குழம்பாமல் படிப்பது எப்படி?

பிரிட்டிஷ் பிரபுக் குடும்பம் ஒன்றின் வரலாற்றைத் திறந்தால் பத்தே நிமிடத்தில் தலை சுற்றும். ஒரே ஆளுக்கு மூன்று பெயர், மூன்று பேருக்கு ஒரே பெயர். நான் கண்ட வழி இதுதான்: இரண்டு தாள் எடுத்துக்கொள்ளுங்கள், ஒன்றில் பட்டம் யாரிடமிருந்து யாருக்குப் போனது என்று மட்டும், இன்னொன்றில் யார் யாருக்குப் பிள்ளை என்று மட்டும். இரண்டையும் ஒன்றாகப் போட்டால் தொலைந்தீர்கள். மார்ல்பரோ டியூக்குகளை வைத்துச் சொல்கிறேன். வின்ஸ்டன் சர்ச்சில் அந்த வீட்டுப் பிள்ளைதான்.

முதலில் படிவரிசை. மேலிருந்து டியூக், மார்க்வெஸ், ஏர்ல், வைகவுண்ட், பாரன். (இதைப் பேரன் என்று எழுதினால் வாரிசுக் கணக்கே மாறிவிடும்.) பாரனட் (வாரிசாக இறங்கும் ‘சர்’ பட்டம்) இந்த ஐந்தில் சேராது. இவ்வளவு போதும்.

அடுத்து, பட்டம் எந்த ஆண்டு உருவானது என்று பாருங்கள், அதுவும் எத்தனையாவது முறை என்று. மார்ல்பரோ ஏர்ல் பட்டத்தை 1626இல் ஜேம்ஸ் லே என்பவருக்குக் கொடுத்தார்கள், 1679இல் வாரிசு இல்லாமல் அது அற்றுப்போனது. பத்து வருடம் கழித்து அதே பெயரில் ஜான் சர்ச்சிலுக்குப் புதிதாகக் கொடுத்தார்கள். ஊர்ப் பெயர் ஒன்றுதான், லே குடும்பத்திலிருந்து இவருக்கு வந்த பட்டம் அல்ல அது.

அப்புறம் பட்ட சாசனத்தில் வாரிசு பற்றி என்ன எழுதியிருக்கிறது என்று தேடுங்கள், பாதிக் குழப்பம் அங்கேதான் தீரும். வழக்கமாக ஆண் வழியில் மட்டுமே பட்டம் இறங்கும். ஜான் சர்ச்சில் 1702இல் டியூக் ஆனார், மறு வருடமே மிஞ்சியிருந்த ஒரே மகன் அம்மை நோயில் போய்விட்டான். 1704இல் பிளென்ஹைம் போரில் பிரெஞ்சுப் படையைத் தோற்கடித்த தளபதியின் பட்டம் அவரோடு முடியக்கூடாது என்று, மகள்கள் வழியாகவும் போகலாம் என 1706இல் நாடாளுமன்றம் தனிச் சட்டமே போட்டது. அதனால் 1722இல் அவர் இறந்தபோது மூத்த மகள் ஹென்றியட்டா தன் உரிமையிலேயே டச்சஸ் (டியூக்கின் பெண்பால்) ஆனார். அவருடைய மகன் அவருக்கு முன்பே இறந்துவிட, 1733இல் பட்டம் ஹென்றியட்டாவின் தங்கை ஆன் என்பவரின் மகனுக்குப் போனது. அவர் ஏற்கெனவே சண்டர்லேண்ட் ஏர்ல், பெயர் சார்லஸ் ஸ்பென்சர்.

கவனித்தீர்களா, பட்டம் சர்ச்சிலுடையது, குடும்பப் பெயர் ஸ்பென்சர்! ஐந்தாவது டியூக் 1817இல் அரச அனுமதி வாங்கி ‘ஸ்பென்சர்-சர்ச்சில்’ என்று மாற்றிக்கொள்ளும் வரை அப்படியே ஓடியது. இதற்கிடையில் சார்லஸின் தம்பி ஜானுக்கு ஸ்பென்சர் குடும்பத்தின் ஆல்தார்ப் சொத்து போனது. அந்தக் கிளைதான் 1765இல் ஸ்பென்சர் ஏர்ல் ஆனது, இளவரசி டயானா அதில் வந்தவர். டயானாவும் சர்ச்சிலும் எப்படிச் சொந்தம் என்று கேட்பவர்களுக்கு, இரண்டாவது தாளில் ஆனின் பெயரைக் காட்டினால் போதும்.

இன்னொரு பொறி, மரியாதைப் பட்டங்கள். டியூக்கிடம் சின்னப் பட்டங்களும் இருக்கும், அவற்றில் ஒன்றை மூத்த மகன் பெயரளவுக்குப் போட்டுக்கொள்வார், அவருடைய மூத்த மகன் அடுத்ததை. ஏழாவது டியூக்கை எடுத்துக்கொள்ளுங்கள்: 1822இல் பிறந்தபோது தாத்தா டியூக், அதனால் இவர் சண்டர்லேண்ட் ஏர்ல், 1840இல் தாத்தா போனதும் பிளாண்ட்ஃபோர்ட் மார்க்வெஸ், 1857இல் அப்பாவும் போனதும் டியூக். பழைய கடிதத்தில் ‘பிளாண்ட்ஃபோர்ட்’ என்று கண்டால் தேதியைப் பார்க்காமல் ஆளை முடிவு செய்யாதீர்கள்.

இளைய மகன்களுக்கு இதுவும் கிடையாது, பெயருக்கு முன்னால் ‘லார்டு’ மட்டும். ஏழாவது டியூக்கின் இளைய மகன் லார்டு ராண்டால்ஃப் அப்படித்தான். லார்டு என்று அழைக்கப்பட்டாலும் பிரபு அல்ல, பிரபுக்களின் லார்ட்ஸ் சபையில் இல்லை, மக்கள் தேர்ந்தெடுக்கும் காமன்ஸ் சபையில்தான் உட்கார்ந்தார். அவர் மகன் வின்ஸ்டனுக்கு அந்த லார்டும் இல்லை. ஆனாலும் முதல் தாளில் அவர் பெயரைப் பென்சிலால் எழுத வேண்டியிருக்கும். 1895இல் அப்பா ராண்டால்ஃப் இறந்தபோது, வின்ஸ்டனின் பெரியப்பா மகனான ஒன்பதாவது டியூக்குக்குப் பிள்ளை இல்லை, அடுத்த டியூக் வின்ஸ்டன் என்ற நிலை. 1897 செப்டம்பரில் டியூக்குக்கு மகன் பிறந்தான், ரப்பரை எடுத்து அழித்துவிடுங்கள்.