காலனி ஆட்சி வரலாறு படிக்கிறப்போ தவிர்க்க வேண்டிய தவறுகள்

இந்தியாவுல ஆங்கிலக் கல்விக்கு வாதாடின பிரிட்டிஷ் அதிகாரி மெக்காலே 1835 பிப்ரவரி 2ஆம் தேதி பிரிட்டிஷ் பார்லிமெண்டுல பேசினதா ஒரு மேற்கோள் வருஷக்கணக்கா ஃபார்வர்ட் ஆகிட்டே இருக்கு. இந்தியா முழுக்க குறுக்கும் நெடுக்கும் போனேன், ஒரு பிச்சைக்காரனையும் பாக்கல, ஒரு திருடனையும் பாக்கல, இவங்க முதுகெலும்பை உடைச்சாதான் ஜெயிக்க முடியும்னு சொன்னாராம். அந்த தேதியில அவர் லண்டன்லயே இல்ல, 1834லயே இந்தியா வந்துட்டார், அன்னிக்கு கல்கத்தாவுல இருந்தார். அதே தேதி போட்டு அவர் நிஜமாவே எழுதின கல்விக் குறிப்பு ஒண்ணு இருக்கு, அதுல நல்ல ஐரோப்பிய நூலகத்தோட ஒரே ஒரு அலமாரித் தட்டு இந்தியா, அரேபியாவோட மொத்த இலக்கியத்துக்கும் சமம்னு எழுதியிருக்கார். உண்மையே இவ்வளவு கொடூரமா இருக்கு, அப்புறம் எதுக்கு போலியைத் தூக்கிட்டு அலையணும்? போலி மாட்டிக்கிட்டா அதைச் சாக்கா வெச்சு நிஜத்தையும் சேத்து தள்ளிடுவாங்க, எனக்கு அதுதான் கவலை.

இதை விட ஆழமா ஊறிப்போன தப்பு ஒண்ணு இருக்கு, காலனிக்காரங்க போட்ட கட்டத்துக்குள்ளயே நின்னுக்கிட்டு அவங்களை எதிர்க்கிறது. 1817ல ஜேம்ஸ் மில்ங்கற பிரிட்டிஷ் எழுத்தாளர் பிரிட்டிஷ் இந்தியாவோட வரலாறுன்னு பல பாகமா எழுதினார். அவர் இந்தியாவுக்கு வந்ததே இல்ல, இந்திய மொழி ஒண்ணும் தெரியாது, அப்படி இருக்கறதுதான் நடுநிலையா எழுத உதவும்னு முன்னுரையில வாதாடவே செஞ்சிருக்கார். இந்து காலம், முஸ்லிம் காலம், பிரிட்டிஷ் காலம்னு மூணா பிரிச்சது அவர்தான். முதல் ரெண்டுக்கும் மதப் பேரு, மூணாவதுக்கு மட்டும் நாட்டுப் பேருன்னு கவனிச்சீங்களா? மில்லைத் திட்டி எழுதற பல பேர் இன்னிக்கும் அந்த மூணு டப்பாவுலதான் எல்லாத்தையும் போட்டு அடுக்குறாங்க.

அடுத்தது ஆவணம். காலனி ஆட்சி பத்தி நம்ம கையில இருக்கற காகிதத்துல பெரும்பங்கு ஆட்சி பண்ணவங்க எழுதி வெச்சதுதான், அதனால அதை எப்படி படிக்கிறோம்ங்கறதுலதான் பாதி வேலையே இருக்கு. 1756ல கல்கத்தா இருட்டறை சம்பவத்தை எடுத்துக்கோங்க, வங்காள நவாபோட ஆளுங்க 146 பேரை ஒரு சின்ன அறையில அடைச்சாங்க, 123 பேர் செத்துட்டாங்கன்னு அங்க இருந்து தப்பிச்ச கம்பெனி அதிகாரி ஹோல்வெல் எழுதினார், அந்த ஒரு ஆளோட கணக்கு பல தலைமுறைக்கு பாடமா ஓடிச்சு. பின்னாடி வந்த ஆய்வாளர்கள் உள்ள இருந்தவங்களே அதை விட ரொம்ப கம்மியாதான் இருந்திருப்பாங்கன்னு காட்டினாங்க. விவசாயிங்க, பழங்குடிங்க எழுந்த போராட்டம்னா நிலைமை இன்னும் மோசம், ஏன்னா அவங்க எழுதினதுன்னு பெரும்பாலும் ஒண்ணுமே இருக்காது, அடக்க வந்த அதிகாரியோட ரிப்போர்ட் மட்டும்தான் இருக்கும். 1980கள்ல வரலாற்று அறிஞர் ரணஜித் குகா இதைத்தான் பிடிச்சார். அந்த ரிப்போர்ட்டுகள்ல கிளர்ச்சி எப்பவும் காட்டுத்தீ மாதிரி பரவுது, இடிமழை மாதிரி வருது, தொற்றுநோய் மாதிரி ஒட்டிக்குது. அதாவது, எழுந்தவங்க யோசிச்சு, கூடிப் பேசி, முடிவெடுத்து எழுந்தாங்கங்கற விஷயமே அந்த நடையில காணாமப் போயிடுது. நாமளும் தெரியாம அதே வார்த்தையை எடுத்து எழுதிடறோம்.

எரிச்ச காகிதம் பத்தி கொஞ்சம் நின்னு பேசணும், ஏன்னா ஆவணம் இல்லைன்னா நடக்கலைன்னு முடிவுக்கு வர்றதுதான் எல்லாத்துலயும் பெரிய தப்பு. 1908ல தன் சொந்த சொத்தா வெச்சிருந்த காங்கோவை பெல்ஜியம் அரசுகிட்ட கொடுக்கறதுக்கு முன்னாடி பெல்ஜிய மன்னர் லியோபோல்ட் தன்னோட காங்கோ கோப்புகளை எரிக்க வெச்சார். பிரிட்டன்ல 1961ல காலனி அமைச்சர் இயன் மக்லியோட், அரசுக்கு சங்கடம் கொடுக்கற எந்தக் காகிதமும் சுதந்திரம் வாங்கப் போற நாடுகள் கைக்குப் போகக்கூடாதுன்னு உத்தரவு போட்டார், எரிச்சா சாம்பலையும் உடைச்சிடணும், கடல்ல போட்டா கனம் கட்டி ஆழத்துல போடணும்னு வழிமுறை எழுதி வெச்சாங்க. எரிக்காம இங்கிலாந்துக்கு கொண்டு போனதை ஹான்ஸ்லோப் பார்க்ங்கற இடத்துல பூட்டி வெச்சிருந்தாங்க, 37 முன்னாள் காலனிகளோட ஆயிரக்கணக்கான கோப்பு. கென்யாவுல 1950கள்ல பிரிட்டிஷ் ஆட்சியை எதிர்த்து நடந்த மாவ் மாவ் போராட்டத்தப்போ முகாம்ல சித்திரவதை பட்ட முதியவங்க லண்டன்ல கேஸ் போட்ட பிறகு, 2011லதான் அது இருக்குன்னே வெளிய வந்துச்சு. அதுவரைக்கும் அந்தக் கிழவர்கள், கிழவிகள் சொன்ன வாய்மொழி சாட்சியத்தை வெச்சு எழுதினவங்களை ஆதாரம் பத்தாதுன்னு விமர்சிச்சாங்க. 2013ல பிரிட்டிஷ் அரசு வருத்தம் தெரிவிச்சு 5,228 பேருக்கு கிட்டத்தட்ட 2 கோடி பவுண்ட் கொடுக்க ஒத்துக்கிச்சு. வாய்மொழியை அப்படியே நம்பணும்னு சொல்ல வரல, அதையும் சரிபாக்கணும்தான், ஆனா சரிபாக்க வேண்டிய காகிதத்தை ஒளிச்சு வெச்சவங்க யாருங்கறதையும் சேத்துக் கேக்கணும் இல்லையா.

இன்னொரு பக்கம், ஆளப்பட்டவங்க எழுதவே இல்லைன்னு நினைக்கறதும் தப்பு. புதுச்சேரியில பிரெஞ்சு கவர்னர் டியூப்ளேக்கு துபாஷியா, அதாவது மொழிபெயர்ப்பாளரா இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை 1736ல இருந்து 1761 வரைக்கும் தமிழ்லயே நாட்குறிப்பு எழுதியிருக்கார், பிரெஞ்சுக்காரங்க வியாபாரமும் அரசியலும் உள்ளுக்குள்ள எப்படி ஓடிச்சுன்னு அதுல தெரியும். மெக்சிகோவுல சில நூறு ஸ்பானியர்கள் அஸ்டெக் பேரரசையே சாய்ச்சாங்கன்னு அவங்க தளபதி கோர்டெஸ் எழுதின கடிதங்களை மட்டும் படிச்சா தோணும், ஆனா அந்த மண்ணோட ட்லஷ்கலா மக்கள் வரைஞ்ச துணி ஓவியத்தைப் பாத்தா 1521 போர்ல ஸ்பானியர்களோட சேந்து நின்னு சண்டை போட்டது தாங்கதான்னு அவங்களே காட்டியிருக்காங்க. அவங்க ஆயிரக்கணக்குல வரலைன்னா அந்தப் போரே வேற மாதிரி போயிருக்கும், அம்மை நோயும் தன் பங்குக்கு ஊரையே காலி பண்ணிச்சு.

1884-85ல ஐரோப்பிய நாடுகள் கூடின பெர்லின் மாநாட்டுல ஸ்கேல் வெச்சு ஆப்பிரிக்காவை கூறு போட்டாங்கன்னு எல்லாரும் எழுதறாங்க. அங்க பேசினது காங்கோ, நைஜர் நதி வியாபாரம், கடலோரத்தை பிடிக்கறதுக்கான விதிகள் இதெல்லாம்தான். எல்லைக் கோடுகளை பெரும்பாலும் அதுக்கு முன்னயும் பின்னயும் ரெண்டு ரெண்டு நாடா ஒப்பந்தம் போட்டு இழுத்தாங்க. கொடி பறந்த இடத்தை மட்டும் பேரரசுன்னு எண்றதும் இதே மாதிரி தப்புதான், 1953ல காலகர், ராபின்சன்னு ரெண்டு வரலாற்று அறிஞர்கள் அர்ஜென்டினா மாதிரி இடங்களை ஆளாமலே வியாபாரத்தாலயும் கடனாலயும் பிரிட்டன் கட்டிப் போட்டுச்சுன்னு எழுதின பிறகு கொடியை மட்டும் காட்டற மேப் பத்தலைன்னு தெரிஞ்சு போச்சு.

நம்பர் விஷயத்துக்கு வரேன். பிரிட்டன் இந்தியாவுல இருந்து 45 டிரில்லியன் டாலர் கொண்டு போச்சுன்னு சொல்றாங்க இல்ல, அது பொருளாதார அறிஞர் உத்சா பட்நாயக்கோட கணக்கு, 1765ல இருந்து 1938 வரைக்குமான ஏற்றுமதி உபரியை எடுத்து 5 சதவீத கூட்டு வட்டி போட்டு வர்ற தொகை. கணக்கை மறுக்கவோ ஏத்துக்கவோ செய்யலாம், ஆனா வட்டி இருக்குங்கறதைச் சொல்லாம நம்பரை மட்டும் சொன்னா கேக்கறவங்க அத்தனையும் பெட்டியில ஏத்திக்கிட்டுப் போன பணம்னு நினைப்பாங்க. உலக உற்பத்தியில இந்தியாவோட பங்கு 1700ல 24 சதவீதம், 1950ல 4 சதவீதம்ங்கறதும் அப்படித்தான், அதுல ஒரு பகுதி ஐரோப்பாவும் அமெரிக்காவும் தொழில்ல எகிறினதால குறைஞ்சது, அதோட 1700க்கான நம்பரே ஒரு மதிப்பீடுதான். சுரண்டலுக்கு ஆதாரமா, காங்கிரஸ் தலைவர் தாதாபாய் நௌரோஜி 1901லயே ஆட்சியோட சொந்தக் கணக்கு வழக்கை வெச்சு புத்தகம் போட்டார், அதோட பலமே அதுதான்.

கடைசியா, காலனி ஆட்சியோட கெட்டதுக்கு பஞ்சத்தை ஒரு பக்கம், நல்லதுக்கு ரயிலை ஒரு பக்கம்னு தராசுல போடறதை விட்டுடலாம். ரயிலுக்கு காசு போட்ட பிரிட்டிஷ் கம்பெனிகளுக்கு 5 சதவீத லாபம் உத்தரவாதம், கம்பெனி சம்பாதிக்கலைன்னா இந்திய வரிப்பணத்துல இருந்து கொடுத்தாங்க, அப்போ கேக்க வேண்டியது யார் கட்டினாங்க, யாருக்குப் போச்சுங்கறதுதான். அடிமை முறையை ஒழிச்ச பெருமையும் அதே தராசுல வருது. 1833 சட்டத்துல பிரிட்டன் 2 கோடி பவுண்ட் இழப்பீடு கொடுத்துச்சு, முழுக்க அடிமைகளை வெச்சிருந்த முதலாளிகளுக்கு, விடுதலையானவங்களுக்கு ஒரு பென்னி கிடையாது, பெரும்பாலானவங்க 1838 வரைக்கும் பழைய முதலாளிகிட்டயே சம்பளம் இல்லாம உழைக்கணும். அதுக்கு வாங்கின கடன் 2015லதான் அடைஞ்சுது. பணம் வாங்கறதுக்காக அந்த முதலாளிங்க ஊர், பேர், வெச்சிருந்த அடிமைகள் எத்தனை பேர்னு கொடுத்த விவரமெல்லாம் பத்திரமா இருக்கு, லண்டன்ல ஆய்வாளர்கள் அதை வெச்சுத்தான் எந்தக் குடும்பம் எவ்வளவு வாங்கிச்சுன்னு ஒவ்வொண்ணா பட்டியல் போட்டிருக்காங்க.